ஓபி வேன் கிளம்பிப் போன பிறகு: செய்தி ஆசிரியர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய செய்தி ஆசிரியர்களுக்கு,

வணக்கம். தமிழ்ச் செய்தித் தொலைக்காட்சிகள், அவற்றின் யூடியூப் பிரிவுகள், தனியாக யூடியூபில் செய்தி நடத்துகிறவர்கள் எல்லோருக்கும் சேர்த்தே இதை எழுதுகிறோம். எழுதுகிற நாங்கள் நீதிமன்றச் செய்தி சேகரிக்கும் பீட்டிலும், செய்தியைச் செம்மைப்படுத்தும் டெஸ்கிலும் இருப்பவர்கள். எங்கள் அனுபவக் கதை எதுவும் இதில் இல்லை. வேலையைப் பற்றி மட்டும் பேசுகிறோம்.

ஒரு மதத் தலைவர் மீது புகார் வந்தால் முதல் மூன்று நாள் உங்கள் திரையில் வேறு செய்தியே கிடையாது. நான்காம் நாள் அந்தச் செய்தியே கிடையாது. மூன்று நாள் கூச்சலைப் பற்றி ஊரே பேசிவிட்டது. எங்களுக்கு அதைவிடப் பெரிய குறை, அதற்குப் பிறகு வருகிற பத்து வருட மௌனம்.

காஞ்சிபுரம் வழக்கை எடுத்துக்கொள்ளுங்கள். 2004 செப்டம்பர் 3 அன்று வரதராஜப் பெருமாள் கோயில் அலுவலகத்தில் மேலாளர் சங்கரராமன் கொல்லப்பட்டார். நவம்பர் 11, தீபாவளி இரவில் காஞ்சி சங்கர மடாதிபதி ஜெயேந்திர சரஸ்வதி கைதானார். 2005 ஜனவரி 10 அன்று உச்ச நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தது. வழக்கு புதுச்சேரிக்கு மாறியது. 2013 நவம்பர் 27 அன்று ஜெயேந்திரர் உட்பட 23 பேரும் விடுதலை. விசாரிக்கப்பட்ட சாட்சிகள் 189 பேர். அதில் 83 பேர் பிறழ் சாட்சி ஆனார்கள், அதாவது போலீஸிடம் முன்பு சொன்னதை நீதிமன்றத்தில் மாற்றிச் சொன்னார்கள். நூற்றுக்கு நாற்பத்து நான்கு. கைதான வாரத்தில் காஞ்சிபுரத்தில் கேமரா வைக்க இடமில்லை. அந்த 83 பேரும் ஒருவர் பின் ஒருவராகக் கூண்டில் ஏறி மாற்றிச் சொன்ன நாட்களில் புதுச்சேரி நீதிமன்ற வாசலில் எத்தனை கேமரா நின்றது?

தீர்ப்பு சரியா தவறா என்ற வாதத்துக்குள் நாங்கள் போகவில்லை. இத்தனை சாட்சிகள் பிறழ்ந்தால், போலீஸ் முதலில் எழுதிக்கொண்டதே சரியில்லாமல் இருந்திருக்கலாம். இல்லை, இடையில் யாரோ போய்ப் பார்த்திருக்கலாம். எதுவாக இருந்தாலும் அது கைதைவிடப் பெரிய செய்தி. அதை அன்றன்று சொல்ல ஆள் இல்லை.

அரியானாவின் சிர்சாவில் நடந்தது இதற்கு நேர் எதிர். தேரா சச்சா சவுதா என்ற ஆன்மீக அமைப்பின் தலைவர் குர்மீத் ராம் ரஹீம் மீது பாலியல் வன்கொடுமைப் புகார் சொல்லும் பெயரில்லாக் கடிதம் ஒன்று 2002இல் சுற்றியது. அதை வெளியிட்டது ‘பூரா சச்’ என்ற உள்ளூர் மாலைப் பத்திரிகை. அதன் ஆசிரியர் ராம் சந்தர் சத்ரபதி அந்த அக்டோபரில் வீட்டு வாசலில் சுடப்பட்டு நவம்பரில் இறந்தார். கடிதம் சொன்ன பாலியல் வன்கொடுமை வழக்கில் அவர் குற்றவாளி என்று தீர்ப்பு வந்தது 2017 ஆகஸ்ட் 25 அன்று. நாடு முழுவதிலிருந்தும் நேரலை அனுப்பும் ஓபி வேன்கள், நீதிமன்றம் இருந்த பஞ்ச்குலாவுக்குப் போனதும் அப்போதுதான். அன்றைய கலவரத்தில் 30 பேருக்கு மேல் இறந்தார்கள். நடுவில் இருந்த 15 வருடமும் வழக்கு நடந்துகொண்டுதான் இருந்தது.

சாட்சிகளைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும். வட இந்தியச் சாமியார் ஆசாராம் மீதான பாலியல் வன்கொடுமை வழக்குகளில் 2014, 2015இல் மூன்று சாட்சிகள் கொல்லப்பட்டார்கள். வேறு சிலர் தாக்கப்பட்டார்கள். அந்த வழக்குகளின் சாட்சிகள் பாதுகாப்புக் கேட்டு உச்ச நீதிமன்றம் போனதில்தான், 2018 டிசம்பர் 5 அன்று நாடு முழுமைக்குமான சாட்சிப் பாதுகாப்புத் திட்டம் வந்தது. நம் டெஸ்கில் பலருக்கு இது தெரியாது. அந்தத் திட்டப்படி மாவட்ட நீதிபதி தலைமையிலான குழுவிடம் சாட்சி மனுக் கொடுக்கலாம். போலீஸ் ஐந்து வேலை நாளுக்குள் அச்சுறுத்தல் ஆய்வறிக்கை தர வேண்டும். ஆபத்து மூன்று வகையாகப் பிரிக்கப்படும். உயிருக்கே ஆபத்து என்றால் இடம் மாற்றுவது, அடையாளம் மாற்றுவது வரை வழி இருக்கிறது. இன்றைய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பிஎன்எஸ்எஸ், 398ஆம் பிரிவில், ஒவ்வொரு மாநிலமும் இப்படி ஒரு திட்டம் வகுக்க வேண்டும் என்கிறது. ஆகவே கைதுக்கு மறுநாள் எஸ்பியின் பிரஸ்மீட்டில் உங்கள் நிருபர் கேட்க வேண்டிய கேள்வி, “ஆசிரமத்தில் எத்தனை சொகுசு அறைகள் இருந்தன?” என்பதல்ல. “எத்தனை சாட்சிகளுக்கு அச்சுறுத்தல் ஆய்வறிக்கை கேட்டிருக்கிறீர்கள்?” என்பதுதான். எண்ணிக்கை போதும், பெயர் வேண்டாம்.

இனி மொழி. எங்களுக்கு அதிகம் கோபம் வருவது இங்கேதான்.

‘சாமியாரின் லீலைகள்’ என்று எழுதுகிறோம். லீலை விளையாட்டு, தெய்வத்துக்குச் சொல்கிற சொல். ஒரு குழந்தைக்கு நடந்த பாலியல் வன்முறையை ‘சில்மிஷம்’ என்கிறோம், குறும்பு செய்தது போல. ‘உல்லாசம்’ என்றால் இருவருமே மகிழ்ந்தார்கள் என்று பொருள். ‘கற்பழிப்பு’ என்ற சொல், அழிந்தது புகார் கொடுத்தவரின் ஏதோ ஒன்று என்கிறது. எது நடந்ததாகப் புகாரோ அதை எழுதுங்கள்: பாலியல் வன்கொடுமை, பாலியல் சீண்டல், அடைத்துவைத்தல், மிரட்டல். சட்டப்பிரிவைப் பார்த்தால் எந்தச் சொல் என்பது தெரிந்துவிடும். ‘போலிச் சாமியார்’ என்ற சொல்லையும் விடலாம். அசல் சாமியார் எவர் என்று சொல்லும் பொறுப்பை டெஸ்க் எப்போது ஏற்றுக்கொண்டது?

‘பரபரப்பு வாக்குமூலம்’, ‘குற்றத்தை ஒப்புக்கொண்டார்’ இரண்டும் பெரும்பாலும் போலீஸ் அதிகாரி காதில் சொன்னவை. போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதலைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு எதிராக நீதிமன்றத்தில் நிரூபிக்க முடியாது. பழைய சாட்சியச் சட்டத்தில் 25ஆம் பிரிவு, இன்றைய பாரதிய சாட்சிய அதிநியமத்தில் 23. அதன் பேரில் ஏதாவது பொருள் கைப்பற்றப்பட்டால், அந்தக் கண்டுபிடிப்போடு தொடர்புள்ள பகுதி மட்டும் நிற்கும். மாஜிஸ்திரேட் முன் பிஎன்எஸ்எஸ் 183ஆம் பிரிவில் பதிவாகும் வாக்குமூலம் வேறு. இரண்டையும் ஒரே ஸ்க்ரோலில் ஒரே சொல்லால் ஓட்டினால், பின்னால் விடுதலை வரும்போது, “ஒப்புக்கொண்டவனையே விட்டுவிட்டார்களே” என்று மக்கள் நீதிமன்றத்தைத் திட்டுவார்கள். அந்தத் திட்டை வாங்க வேண்டியது நாம்.

‘விடுதலை’ என்ற சொல் அதைவிட ஆபத்து. ‘நிபந்தனை ஜாமீனில் விடுதலை’ என்பதை இடம் போதாமல் ஸ்க்ரோலில் ‘விடுதலை’ என்று வெட்டுகிறோம். பக்தர்கள் பட்டாசு வெடிக்கிறார்கள். புகார் கொடுத்தவர் வீட்டில் பயம் பிடிக்கிறது. ஜாமீனுக்கு ‘ஜாமீன்’ மட்டும் எழுதுங்கள். தண்டனை நிறுத்திவைப்பு, பரோல், வழக்கு ரத்து, சந்தேகத்தின் பலன் கொடுத்து விடுதலை, குற்றமே நிரூபணமாகவில்லை என்று விடுதலை: ஒவ்வொன்றும் தனி. வழக்குப் பதிவு, குற்றப்பத்திரிகைத் தாக்கல், நீதிமன்றம் குற்றச்சாட்டுப் பதிவு செய்வது ஆகிய மூன்றையும் ‘குற்றம் உறுதி’ என்று போட்ட தம்ப்நெயில்கள் இப்போதும் யூடியூபில் இருக்கின்றன.

விவாத மேசையில் அடிக்கடி கேட்பது: “ஏன் போக்சோ போடவில்லை? அரசு காப்பாற்றுகிறதா?” மதத் தலைவர்கள் மீதான புகார்களில் பல, வருடங்கள் கழித்து வருபவை. சிறார்களைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டம் நடைமுறைக்கு வந்தது 2012 நவம்பர் 14. அதற்கு முன் நடந்ததாகச் சொல்லப்படும் சம்பவத்துக்கு அந்தச் சட்டத்தைப் போட முடியாது. அதே போல புதிய தண்டனைச் சட்டமான பிஎன்எஸ் 2024 ஜூலை 1 முதல்தான். அதற்கு முந்தைய சம்பவத்துக்கு, புகார் இன்று வந்தாலும், பழைய இந்திய தண்டனைச் சட்டப் பிரிவுதான் வரும். எஃப்ஐஆரில் புகார் தேதிக்கு முன்னால் சம்பவ தேதியைப் பாருங்கள். இது தெரியாததால் இரவு ஒன்பது மணி விவாதம் ஒரு மணி நேரம் வீணாய்ப் போகிறது.

அடுத்தது அடையாளம். போக்சோ 23ஆம் பிரிவு பெயரை மட்டும் தடுக்கவில்லை. முகவரி, படம், குடும்ப விவரம், பள்ளி, அக்கம்பக்கம் எல்லாவற்றையும் தடுக்கிறது. மீறினால் ஆறு மாதத்துக்குக் குறையாமல் ஓராண்டு வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். நிறுவன உரிமையாளரும் பொறுப்பு. வயதுவந்தவர்கள் விஷயத்தில் பிஎன்எஸ் 72, இரண்டாண்டு வரை. அடையாளத்துக்கு இட்டுச் செல்லும் தகவலைத் தூரமாகக்கூடக் குறிப்பிடக் கூடாது என்று 2018 டிசம்பரில் நிபுன் சக்சேனா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

சட்டம் நம் எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் மீறுகிறோம், எப்படி என்று சொல்கிறோம். ஒரு சேனல் ஊர்ப் பெயரைச் சொல்கிறது. இன்னொன்று ‘பத்தாம் வகுப்பு மாணவி’ என்கிறது. மூன்றாவது, தந்தையின் தொழிலைச் சொல்கிறது. தனித்தனியாக யாரும் தப்புச் செய்யவில்லை. மூன்றையும் பார்த்த தெருக்காரருக்கு ஆள் தெரிந்துவிடுகிறது. மத அமைப்புகளில் இது இன்னும் மோசம். சபை, மடம், ஆசிரமம் எல்லாமே உள்ளே இருப்பவர்கள் ஒருவரை ஒருவர் அறிந்த சின்ன உலகம். ‘மூன்று வருடம் அங்கே சமையல் சேவை செய்தவர்’ என்பது உங்களுக்குப் பொதுவான தகவல். உங்கள் செய்தியை முதலில் பார்க்கிற பக்தருக்கு அது பெயரேதான். ஆகவே இப்படிப்பட்ட செய்தியில் ஊருக்குப் பதில் மாவட்டம், வயதுக்குப் பதில் ‘சிறுமி’ அல்லது ‘பெண்’, சேவைக்குப் பதில் ‘முன்னாள் உறுப்பினர்’. அதற்கு மேல் வேண்டாம்.

படத்தில் வழக்கமாக நடக்கும் தவறு வேறு. தொலைக்காட்சியில் முகத்தை பிளர் செய்கிறோம். அரை மணி நேரத்தில் டிஜிட்டல் பிரிவு, எடிட் ஆகாத மூல கிளிப்பை எடுத்து ஷார்ட்ஸ் வெட்டுகிறது. அதில் பிளர் இல்லை. காரணம் கவனக்குறைவுகூட இல்லை. இருவரும் ஒரே சர்வரில் ஒரே ஃபோல்டரிலிருந்து எடுக்கிறார்கள், அவ்வளவுதான். மூலப் பதிவைத் தனி ஃபோல்டரில் பூட்டிவிட்டு, மறைத்து முடித்த கோப்பை மட்டும் பொது ஃபோல்டரில் போடுங்கள். லேசான பிளர் போதாது. முழுக் கறுப்புக் கட்டம் வையுங்கள், அல்லது படம் எடுக்கும்போதே வெளிச்சத்தை முதுகுப் பக்கம் வைத்து நிழலுருவமாக எடுங்கள். குரலின் சுருதியை மட்டும் ஏற்றி இறக்கினால் திரும்பப் பழையபடி ஆக்கிவிடலாம். வேறொருவர் வாசித்து ஒலிப்பதிவு செய்வதே பாதுகாப்பு. சீருடை, வீட்டுக் கதவு எண், வாசலில் நிற்கும் வண்டியின் நம்பர், கையில் பச்சை குத்தியது, ஒரு முறை ஃபிரேமில் வந்து போகும் பாட்டி: இவற்றையும் பார்க்க வேண்டும்.

எஃப்ஐஆர் நகலைத் திரையில் காட்டுவதை நிறுத்துங்கள். 2016இல் உச்ச நீதிமன்றம் எஃப்ஐஆர்களை இணையத்தில் ஏற்றச் சொன்னபோதே, பாலியல் குற்றம், போக்சோ போன்றவற்றுக்கு விலக்குக் கொடுத்தது. அப்படியானால் உங்கள் வாட்ஸ்அப்புக்கு வந்த நகல் கசிந்தது. யார் கசியவிட்டார்கள், அதனால் யாருக்கு லாபம் என்பது முதல் கேள்வி. அண்ணா பல்கலைக்கழக மாணவி வழக்கில் எஃப்ஐஆர் கசிந்ததற்காக 2024 டிசம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் 25 லட்சம் ரூபாய் இடைக்கால இழப்பீடு கொடுக்கச் சொன்னது நினைவிருக்கும். பிரிவுகள் தேவையென்றால் தட்டச்சு செய்து கிராஃபிக்ஸில் போடுங்கள்.

புகார் கொடுத்தவரிடம் நான்காவது பைட் (கேமரா முன் பேச்சு) வாங்காதீர்கள். சாட்சி முன்பு சொன்னதற்கும் இப்போது சொல்வதற்கும் முரண் காட்டுவதுதான் குறுக்கு விசாரணையின் அடிப்படை வேலை. ஐந்து சேனலில் ஐந்து விதமாகத் தேதி சொன்னால், அந்த ஐந்து கிளிப்பும் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் கையில் இருக்கும். பேச அவர் விரும்பினால் ஒரு முறை, அவருடைய வழக்கறிஞர் பக்கத்தில் இருக்க. ‘எந்தத் தேதி, எத்தனை மணி’ என்ற கேள்வி இல்லாமல். தலைவரோடு கைதான உதவியாளர்களின் முகத்தையும் அவசரப்பட்டுக் காட்ட வேண்டாம். சாட்சிக்கு அவர்களை முன்பே தெரியாது என்றால் சிறையில் அடையாள அணிவகுப்பு நடக்கும்; டிவியில் பார்த்த முகத்தைக் காட்டினார் என்று வாதாடினால் அந்த அணிவகுப்பின் மதிப்பே போய்விடும்.

கசிந்த வீடியோ, வெட்டிய பேச்சு: இதற்கும் சில விதி வேண்டும். இரண்டு மணி நேர உபதேசத்திலிருந்து நாற்பது விநாடி வருகிறது. முழுப் பதிவு கிடைக்கும் வரை அது செய்தி இல்லை. கிடைத்தால் எந்தத் தேதி, எந்த ஊர், முன்பின் என்ன என்று எழுதுங்கள். வாட்ஸ்அப்பில் வந்த கோப்பு சுருங்கியது, எடுத்த தேதி விவரமும் போயிருக்கும். முதலில் எடுத்தவரிடம் மூலக் கோப்பையே கேளுங்கள். வந்த அன்றே அதன் ஹாஷ் மதிப்பை (கோப்பு மாறினால் மாறிவிடும் எண்) குறித்துவையுங்கள். மின்னணு ஆதாரத்துக்குப் பாரதிய சாட்சிய அதிநியமத்தின் 63ஆம் பிரிவுச் சான்றிதழில் அந்த மதிப்பைக் கேட்கிறார்கள். உங்கள் கேமரா எடுத்ததாக இருந்தால் கார்டை அழிக்காதீர்கள். பல வழக்குகளில் போலீஸ் கேட்டு வரும்போது, “மூன்று மாதத்தில் அழித்துவிடுவோம் சார்” என்பதே பதிலாக இருக்கிறது.

2010 மார்ச் 2 அன்று ஒளிபரப்பான நித்யானந்தா வீடியோவை இங்கே சொல்லாமல் விட முடியாது. படுக்கையறைக் காட்சி என்று அது திரும்பத் திரும்ப ஓடியது. அதில் இருந்ததாகச் சொல்லப்பட்ட பெண்ணின் பெயரும் முகமும் மாநிலம் முழுக்கத் தெரிந்தன. ஒழுக்கம் பற்றிய ஊர்ப்பேச்சும் குற்ற வழக்கும் ஒன்றாகக் குழம்பின. முன்னாள் சீடர் ஒருவரின் பாலியல் வன்கொடுமைப் புகார் கர்நாடகத்தின் ராமநகர நீதிமன்றத்தில் வருடக்கணக்கில் நகர்ந்ததைச் சொல்ல நேரம் கிடைக்கவில்லை. அவர் நாட்டில் இல்லை என்று 2019இல் வெளிப்பட்டபோதுதான் மறுபடி கிராஃபிக்ஸ் ஓடியது. இன்டர்போல் நீல நோட்டீஸ் வந்ததும், “உலகம் முழுக்கக் கைது உத்தரவு” என்றோம். நீல நோட்டீஸ் ஒருவரின் இருப்பிடம் பற்றித் தகவல் கேட்பது. கைது செய்யக் கோருவது சிவப்பு. 2025 ஏப்ரல் தொடக்கத்தில், உறவினர் ஒருவர் பேசிய வீடியோவை நம்பி அவர் இறந்துவிட்டார் என்றே பல இடங்களில் செய்தி ஓடியது. அவர் தரப்பு மறுத்தது. மரணச் செய்திக்கு நமக்கு ஒரே விதிதான்: மருத்துவமனை, போலீஸ், தூதரகம் ஏதாவது ஒன்று சொல்ல வேண்டும். சாமியாருக்கு மட்டும் அந்த விதி தளர்ந்தது ஏன்?

எதிர்த்திசையிலும் இதே அவசரம்தான். 2025இல் கர்நாடகத்தின் தர்மஸ்தலாவில் பல உடல்களைப் புதைத்ததாக ஒருவர் புகார் கொடுத்தார், அவர் சொன்னதை முதலில் தீர்ப்பைப் போல ஓட்டினார்கள். ஆகஸ்டில் சிறப்புப் புலனாய்வுக் குழு அவரையே கைது செய்ததும், “எல்லாம் பொய்” என்று அதுவும் தீர்ப்பைப் போல ஓடியது. கேரளத்தில் கன்னியாஸ்திரி ஒருவரின் பாலியல் வன்கொடுமைப் புகாரில் ஆயர் பிராங்கோ முளக்கல் 2018 செப்டம்பர் 21 அன்று கைதாகி, 2022 ஜனவரி 14 அன்று கோட்டயம் நீதிமன்றத்தில் விடுதலையானார். அதற்கு மேல்முறையீடு இருக்கிறது. கைதுக்குக் கொடுத்த நேரத்தில் பாதியாவது விடுதலைத் தீர்ப்பின் காரணங்களுக்கும், அந்த மேல்முறையீட்டுக்கும் கொடுத்தோமா?

விவாத மேசையைப் பற்றி அதிகம் சொல்ல விரும்பவில்லை. ஆறு ஜன்னலில் நான்கு கட்சிக்காரர்கள் உட்கார்ந்தால் இரண்டாம் நிமிடம், “அந்த மதத்தில் நடந்தபோது பேசினீர்களா?” வந்துவிடும், வழக்கு அங்கேயே செத்துவிடும். குற்றவியல் வழக்கறிஞர் ஒருவர், குழந்தைகள் பாதுகாப்பில் வேலை செய்பவர் ஒருவர், அந்த அமைப்பின் சார்பில் ஒருவர். போதும். அழுகிற பக்தைகளை மெதுவாக ஓட்டிக் கேலிப் பாட்டுப் போடுவதையும் விடுங்கள். நாளை அவர்களில் ஒருவர் சாட்சியாக முன்வர நினைத்தால், இந்தக் கேலிதான் அவரைத் தடுக்கும்.

வழக்கறிஞர் நோட்டீஸ் வந்தால் பயந்து வீடியோவைத் தூக்குவதும், எதற்கும் அசையாமல் இருப்பதும் இரண்டுமே நடக்கின்றன. விசாரணைக் கட்டுரை வெளியிடும் முன் அவர்கள் தரப்புக்கு எழுத்தில் கேள்வி அனுப்பி, பதிலுக்கு நேரம் கொடுத்து, அந்த மின்னஞ்சலைப் பத்திரப்படுத்துங்கள். நம்மைக் கேட்காமலே தடை வாங்குவார்கள் என்று தெரிந்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 148ஏ பிரிவில் கேவியட் (எங்களைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்ற முன்மனு) போடலாம். 90 நாள் செல்லும். ஆனால் எந்த நீதிமன்றத்தில் போடுகிறோமோ அங்கே மட்டும்தான். அவர்கள் வேறு மாநிலத்தில் மனுப் போட்டால் பலனில்லை. ஆகவே அந்த அமைப்பு முன்பு எங்கே தடை வாங்கியது என்று பாருங்கள். முழு விசாரணைக்கு முன் வெளியீட்டுக்குத் தடை கொடுப்பது அரிதாகத்தான் இருக்க வேண்டும் என்று 2024 மார்ச்சில் ப்ளூம்பெர்க் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது கையில் இருக்கட்டும்.

கடைசியாக, செலவு அதிகமில்லாத ஒரு ஏற்பாடு. இப்படிப்பட்ட ஒவ்வொரு வழக்குக்கும் ஒரு பக்கம் திறந்து, ஒரு ஆளின் பொறுப்பில் விடுங்கள். அதில் ஒவ்வொரு வழக்குக்கும் நீதிமன்றம் தரும் 16 எழுத்து சிஎன்ஆர் எண், அடுத்த வாய்தா, இதுவரை விசாரித்த சாட்சிகள், பிறழ்ந்தவர்கள், ஜாமீன் நிபந்தனை, மேல்முறையீடு. நீதிமன்றங்களின் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் வாய்தாவுக்கு மறுநாள் பார்த்தால் பத்து நிமிட வேலை. போக்சோ விசாரணை மூடிய அறையில் நடக்கும், நிருபர் உட்கார முடியாது. ஆனால் ஓராண்டுக்குள் முடிக்கப் பார்க்க வேண்டும் என்று 35ஆம் பிரிவு சொல்கிறது. ஓராண்டு தாண்டிய தேதியே ஒரு செய்தி. சாமியார் பிரேமானந்தா மீதான பாலியல் வன்கொடுமை, கொலை வழக்கில் 1994இல் கைது, 1997இல் புதுக்கோட்டையில் தண்டனை, 2005இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. அந்தப் பதினோரு வருடத்துக்கும் ஒரு பக்கம் போதும்.

இந்த வாரமே தொடங்க ஒரு வேலை. உங்கள் சேனலின் தேடல் பெட்டியில் சாமியார், பாதிரியார், போதகர், மௌலவி என்று ஒவ்வொன்றாக அடியுங்கள். வரும் பழைய வீடியோக்களில் போக்சோ வழக்குகளை முதலில் எடுங்கள். ஊர், பள்ளி, உறவினர் முகம் தெரிபவற்றை உடனே இறக்குங்கள். மற்றவற்றின் விளக்கப் பகுதியில், வழக்கு இன்று எந்த நிலையில் இருக்கிறது என்று ஒரு வரி தேதியோடு சேருங்கள். ஒரு துணை ஆசிரியருக்கு இரண்டு மூன்று நாள் ஆகும். எந்த வீடியோவுக்கு அந்த ஒரு வரியை எழுத முடியவில்லையோ, அந்த வழக்குக்குத்தான் முதல் பக்கம் திறக்க வேண்டும்.

இப்படிக்கு,
நீதிமன்ற பீட்டிலும் செய்தி டெஸ்கிலும் இருக்கும் சிலர்